கடையும் ஷெட்டும்: திருவள்ளூர் வட்டாரத்தில் வாடகை வெளியேற்றத்தின் வரலாறு

வாடகைக்கு விட்ட கடையையும் கிடங்கையும் உரிமையாளர் நினைத்தபோது காலி செய்யவைக்கும் வழக்கத்துக்கு இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் கடிவாளம் விழுந்தது. இந்தியப் பாதுகாப்பு விதிகளின்கீழ்ச் சென்னை மாகாண அரசு 1941இல் வீட்டு வாடகைக்கும் 1942இல் கிடங்கு வாடகைக்கும் கட்டுப்பாட்டு ஆணைகள் பிறப்பித்தது. 1946இல் இவை சட்டமாயின. 1949இல் வேறொரு சட்டமும், 1960இல் அரை நூற்றாண்டுக்கும் மேல் நிலைத்த வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டமும் வந்தன.

1960ஆம் ஆண்டுச் சட்டம் பெருநகரங்களுக்கும் நகராட்சிகளுக்கும் உரியதாக இருந்தது. மற்ற ஊர்களுக்கு வேண்டுமானால் அரசு தனியாக அறிவிக்க வேண்டியிருந்தது. நகராட்சியான திருவள்ளூரின் கடைத்தெரு வியாபாரிக்கு அது பெரும் அரணாக இருந்தது. வாடகை பாக்கி, உள்வாடகை, உரிமையாளரின் சொந்தத் தொழில் தேவை, இடித்துக் கட்டுதல் போன்ற காரணங்களில் ஒன்றை வாடகைக் கட்டுப்பாட்டு நீதிமன்றத்தில் நிரூபித்தால்தான் அவரை வெளியேற்ற முடிந்தது. பாக்கி இருந்தால் மட்டும் போதவில்லை; அது வேண்டுமென்றே வைத்த பாக்கியாக இருக்க வேண்டியிருந்தது. அதன் பொருளை உச்ச நீதிமன்றம் 1985இல் விரிவாக ஆராய்ந்தது. கோயில் கடைகளில் இருந்தோருக்கு மட்டும் இந்த அரண் 1976இல் போனது: சமய நிறுவனக் கட்டடங்களுக்கு அரசு அளித்த விலக்கை உச்ச நீதிமன்றமும் பின்னர் ஏற்றது.

அதே வட்டாரத்துக் கும்மிடிப்பூண்டியின் கதை வேறு. 1971இல் தொடங்கப்பட்ட அரசின் தொழில் மேம்பாட்டு நிறுவனமான சிப்காட் இங்கே தொழில் வளாகம் அமைத்தது. உருக்காலைகளும் உருட்டாலைகளும் வளர்ந்தன. இது பேரூராட்சியும் ஊராட்சிகளும் சூழ்ந்த நிலப்பகுதி. நகராட்சி என்ற தகுதியால் தானாகக் கிடைக்கும் பாதுகாப்பு இங்கே இருக்கவில்லை. தனியாரிடம் ஷெட் எடுத்தவரின் வழக்கு 1882ஆம் ஆண்டுச் சொத்து மாற்றுச் சட்டப்படி உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போகும்.

அந்தச் சட்டம் உற்பத்திக்கான குத்தகையை ஆண்டுக் குத்தகையாகக் கொண்டு, முடித்துக்கொள்ள ஆறு மாத அறிவிப்புக் கேட்கிறது. மற்றவற்றுக்குப் பதினைந்து நாள் போதும். எது உற்பத்தி என்பதில் ஓயாத தகராறு. போன பொருள் வேறொரு வணிகப் பொருளாக வெளிவர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் அளவுகோல் வகுத்தது. இரும்பை உருக்கிக் கம்பியாக்குபவர் அதில் தேறுவார். சரக்கு அடுக்கி வைப்பவர் தேறமாட்டார். ஆண்டுக் குத்தகைக்குப் பதிவுப் பத்திரம் கட்டாயம் என்பதால், வெறும் முத்திரைத்தாளில் ஒப்பந்தம் எழுதிய பலருக்கு ஆறு மாத உரிமை எட்டாக்கனியாகவே இருந்தது.

தீர்ப்புக்குப் பிறகுதான் பெரும் துயரம். நிறைவேற்று மனுவின்மீது பிறக்கும் உத்தரவோடு நீதிமன்ற அமீனா வருவார். பூட்டியிருந்தால் பூட்டை உடைக்கவும், தடுத்தால் போலீஸ் பாதுகாப்புக்கும் நீதிமன்ற அனுமதி வாங்க வேண்டும். கடைக்காரர் சரக்கை வண்டியில் ஏற்றிக்கொண்டு வேறு தெருவில் கடை திறக்கலாம். ஆலைக்காரருக்கு அது இயலாது: கான்கிரீட் அடித்தளத்தில் பதித்த இயந்திரமும் உயரழுத்த மின் இணைப்பும் இடத்தோடு ஒட்டியவை. நிலத்தில் பொருத்தியதைக் குத்தகைதாரர் எடுத்துக்கொள்ளலாம் என்று சொத்து மாற்றுச் சட்டத்தின் 108ஆம் பிரிவு சொல்கிறது. ஆனால் இடம் அவர் வசம் இருக்கும்வரை மட்டுமே. அமீனா சுவாதீனம் ஒப்படைத்த நொடியில் அந்த உரிமை முடிகிறது. முதலீடு முழுவதையும் இயந்திரத்தில் போட்ட சிறுதொழில் முனைவோருக்கு இந்த விதி மிகக் கடுமையானது.

2019 பிப்ரவரி 22 அன்று நடைமுறைக்கு வந்த 2017ஆம் ஆண்டு நில உரிமையாளர், வாடகைதாரர் சட்டம் 1960ஆம் ஆண்டுச் சட்டத்தை நீக்கியது. எழுத்து ஒப்பந்தமும் அதன் பதிவும் கட்டாயமாயின; ஒப்பந்தம் செய்துகொள்ளத் தவறுவதே வெளியேற்றக் காரணமானது. வாடகைதாரரைக் காத்த பழைய சாய்வு குறைந்து, ஒப்பந்தத்தின் கை ஓங்கியது. குடியிருப்பு, வணிகம், கல்வி ஆகியவற்றுக்கான கட்டடங்களை உள்ளடக்கிய இந்தச் சட்டம் தொழில் உற்பத்திக்கான கட்டடத்தை வெளிப்படையாகவே விலக்குகிறது. கும்மிடிப்பூண்டி ஷெட் இன்னும் 1882ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே நிற்கிறது. ஆனால் வழக்கு போகும் இடம் மாறலாம்: வணிக நீதிமன்றச் சட்டத்தின் 2018 திருத்தத்துக்குப் பின் 3 லட்சம் ரூபாய்க்குக் குறையாத வணிகத் தகராறுகள் வணிக நீதிமன்றத்துக்கு உரியவை. அவசர நிவாரணம் கேட்காத வழக்கில் முதலில் சமரசப் பேச்சுக்குப் போயாக வேண்டும்.