மஞ்சள் விளக்கும் எங்க மலை மிஸ்ட்டும்

மஞ்சள் வெளிச்சம் மூடுபனியைக் கிழிச்சுக்கிட்டுப் போகும் என்று எங்க மலையில் எல்லோரும் சொல்வாங்க. டிரைவர்கள் சொல்வாங்க, பட்டறையில் சொல்வாங்க, உதிரிபாகம் விற்கிற கடைக்காரர் சத்தியம் பண்ணியே சொல்வார். பட்டணத்திலிருந்து வருகிற உங்களில் சிலரும் என்னோட பழைய அம்பாசிடர் பம்பருக்குக் கீழே இருக்கிற இரண்டு விளக்கைப் பார்த்துட்டு, "என்ன அண்ணே, இது மஞ்சளா இல்லையே, மிஸ்ட்டுல எப்படிப் பாதை தெரியும்?" என்று கேட்கிறீர்கள். ஒரு வரியில் பதில் சொல்லிவிடலாம். ஆனால் அந்த ஒரு வரியை யாரும் நம்ப மாட்டேங்கறாங்க. அதனால கதையாகவே சொல்கிறேன்.

முதல்ல ஒரு சொல் விளக்கம். கோத்தகிரிப் பக்கம் நாங்க 'பனி' என்று சொல்றது டிசம்பர், ஜனவரியில் புல் மேல வெள்ளையா உறைஞ்சு, உருளைக்கிழங்குச் செடியைக் கருக்கிட்டுப் போகுமே, அதை. பாதையை மறைக்கிறதுக்குப் பேர் 'மிஸ்ட்'. வெள்ளைக்காரன் விட்டுட்டுப் போன சொல்தான், ஆனாலும் தேயிலை பறிக்கிற பாட்டி வரைக்கும் அதைத்தான் சொல்வாங்க. மிஸ்ட் இறங்கிடுச்சுன்னா பத்தடிக்கு அந்தப் பக்கம் உலகமே கிடையாது. நாங்களோ விடியறதுக்கு முன்னாடி கேரட்டை ஏத்திக்கிட்டு மேட்டுப்பாளையம் மண்டிக்கு இறங்கியாகணும். பின்சீட்டைக் கழட்டிட்டா அம்பாசிடர்ல ஆறு மூட்டை போகும். ஏலம் முடிஞ்ச பிறகு போய் நின்னா அந்தக் கேரட்டை யாரும் திரும்பிப் பார்க்க மாட்டாங்க. ஒரு பக்கம் பாறை, இன்னொரு பக்கம் பள்ளம், நடுவில் நாங்க. விளக்கைப் பற்றி நான் இவ்வளவு படிச்சதுக்கு இதுதான் காரணம்.

கார் வந்த புதிதில் அதுக்கு மின் விளக்கு கிடையாது. கார்பைடு கல்லு மேல தண்ணியைச் சொட்டவிட்டு, அதிலிருந்து வருகிற அசிட்டிலின் வாயுவைக் கொளுத்தி ஓட்டினாங்க. (இன்றைக்கு மாம்பழத்தைத் திருட்டுத்தனமாப் பழுக்க வைக்கிறாங்களே, அதே கல்.) 1912-ல் அமெரிக்காவின் காடிலாக் கம்பெனி, ஸ்டார்ட் பண்ணுறதும் மின்சாரம், விளக்கும் மின்சாரம் என்று ஒரு வண்டியை விற்பனைக்குக் கொண்டு வந்தது. அதன் பிறகு பல்பு வருஷத்துக்கு வருஷம் பிரகாசமாகிக்கிட்டே போச்சு. கூடவே கண் கூசுற தொல்லையும் வளர்ந்தது. எதிரே வர்றவன் விளக்கு நம்ம கண்ணைக் கெடுக்கிறது ஒண்ணு. மிஸ்ட்டில் நம்ம விளக்கே நம்ம கண்ணைக் கெடுக்கிறது இன்னொண்ணு. மிஸ்ட் என்பது காற்றில் மிதக்கிற தண்ணீர்த் துளிகள், அவ்வளவுதான். ஒவ்வொரு துளியும் மேல விழுகிற வெளிச்சத்தில் கொஞ்சத்தை நம்ம பக்கமே திருப்பி அனுப்பும். லட்சம் கோடி துளி சேர்ந்தால் முன்னாடி வெள்ளை வேட்டி கட்டின மாதிரி ஆகிடும். ஹை பீம் போட்டா வேட்டி இன்னும் வெள்ளையாகும்.

இங்கேதான் மஞ்சள் உள்ளே வருகிறது. பிரான்ஸ் நாட்டில் 1936-ல் ஒரு சட்டம் வந்தது. கார் ஹெட்லைட் எல்லாம் மஞ்சளாகத்தான் எரியணும். கண் கூச்சத்தைக் குறைக்கத்தான் அந்த ஏற்பாடு. சண்டை வந்தால் எதிரி வண்டியையும் சொந்த வண்டியையும் நிறத்தைப் பார்த்துப் பிரிச்சு அறியத்தான் அப்படிச் செஞ்சாங்க என்று ஒரு கதையும் உலாத்துது, அது வெறும் கதை. 1993 வரைக்கும் பிரான்ஸில் புது வண்டியெல்லாம் மஞ்சள் கண்ணோடதான் வந்தது. அதற்குப் பிறகு ஐரோப்பா முழுக்க ஒரே விதி என்று ஆனதால் வெள்ளைக்கு மாறிட்டாங்க. ஒரு பெரிய நாடு 50 வருஷத்துக்கு மேல மஞ்சள் விளக்கோடு ஓடியதால், அதில் ஏதோ சூட்சுமம் இருக்கு என்ற நம்பிக்கை உலகம் முழுக்க ஊறிப்போச்சு.

நம்பிக்கைக்கு ஒரு விஞ்ஞானக் காரணமும் சொல்வாங்க. வானம் ஏன் நீலம்? காற்றின் மூலக்கூறுகள் நீல ஒளியை அதிகமாச் சிதற அடிக்குது, சிவப்பு, மஞ்சளைக் குறைவாச் சிதற அடிக்குது. ராலே என்ற இங்கிலாந்து விஞ்ஞானி கண்டுபிடிச்சது. அப்படின்னா மிஸ்ட்டிலும் மஞ்சள் சிதறாம நேரா போகணும்தானே? இல்லை. ராலே சொன்னது ஒளி அலையைவிட ரொம்பச் சின்னதா இருக்கிற துகளுக்கு. மிஸ்ட் துளி பெரும்பாலும் 10 முதல் 20 மைக்ரான் குறுக்களவு. ஒளியின் அலை நீளமோ அரை மைக்ரான் சுமார். துளி அலையைவிட இருபது, முப்பது மடங்கு பெரியது. அந்த அளவுத் துளிக்கு நீலம், மஞ்சள் எல்லாம் ஒண்ணுதான், பாரபட்சம் பார்க்காம எல்லாத்தையும் சிதறடிக்கும். நம்பலைன்னா காலையில் மிஸ்ட்டையே பாருங்க. அது நீலமாவா இருக்கு? வெள்ளையாத்தானே இருக்கு.

மஞ்சளில் நன்மையே இல்லை என்று சொல்ல வரலை. நீல ஒளி நம்ம கண்ணை அதிகமாக் கூச வைக்கும். அதை வடிகட்டிட்டா கண்ணுக்கு ஒரு சுகம். ஆனால் வடிகட்டும்போது வெளிச்சத்திலும் ஒரு பங்கு போயிடும். லாபமும் நஷ்டமும் ஏறக்குறைய சரிக்குச் சரி. ஆகவே அந்த ஒரு வரி பதில் இதுதான்: நிறம் முக்கியமில்லை, விளக்கு எவ்வளவு தாழ்வா இருக்கு, வெளிச்சம் எவ்வளவு தட்டையாப் போகுது என்பதுதான் முக்கியம்.

விளக்கை உயரத்தில் வச்சா, ஓட்டுறவர் பார்வைக்கும் வெளிச்சத்துக்கும் நடுவே இடைவெளி இருக்காது. ஒளிரும் மிஸ்ட் வழியாத்தான் பார்க்கணும். தாழ்வா வச்சு, மேல் விளிம்பைக் கத்தியால வெட்டின மாதிரி நிறுத்தி, அகலமாப் பரப்பினா, வெளிச்சம் தரையை ஒட்டிப் போகும். நாம மேலிருந்து, இருட்டா இருக்கிற மிஸ்ட் வழியாக் கீழே பார்ப்போம். ரோட்டோரத்து வெள்ளைக் கோடும் பாதையோரக் கல்லும் தெரியும். ஐரோப்பிய விதியில் காரின் ஃபாக் விளக்குக்கு உயரமே வகுத்து வச்சிருக்காங்க: தரையிலிருந்து 250 மில்லிமீட்டருக்குக் குறையக்கூடாது, 800-ஐத் தாண்டக்கூடாது.

எந்த விளக்குக்கும் ஒரு எல்லை உண்டு என்பதற்கு லண்டன் சாட்சி. 1952 டிசம்பர் 5-லிருந்து 9 வரைக்கும் நிலக்கரிப் புகையும் மூடுபனியும் கலந்து அந்த ஊரை அமுக்கிடுச்சு. பஸ்ஸுக்கு முன்னாடி கண்டக்டர் கையில் டார்ச்சோ தீப்பந்தமோ பிடிச்சுக்கிட்டு நடந்து போவாராம், பின்னாடி டிரைவர் ஊர்ந்து வருவாராம். புகையை மூச்சில் இழுத்தே ஆயிரக்கணக்கான பேர் செத்துப்போனாங்க. எங்க அப்பா காலத்தில் லாரிக்கு முன்னாடி கிளீனர் பையன் லாந்தர் தூக்கிட்டு நடப்பான் என்று அப்பா சொல்வார். லண்டனும் எங்க மலையும் ஒரே பாடத்தைத்தான் படிச்சிருக்கு.

அதே இங்கிலாந்தில் ஒருத்தர் வேறு வழியில் யோசிச்சார். பெர்சி ஷா, யார்க்ஷயர்க்காரர், ரோடு போடுறது தொழில். 1934-ல் 'பூனைக் கண்' என்று ஒன்றுக்குக் காப்புரிமை வாங்கினார். ரோட்டு நடுவில் பதிச்ச கண்ணாடி மணி, வண்டி வெளிச்சம் பட்டதும் திருப்பி மின்னும். வண்டியில் என்ன விளக்கை மாட்டலாம் என்று எல்லாரும் மண்டையை உடைச்சுக்கிட்டு இருக்கும்போது, பாதையையே கண் திறக்க வச்ச மனுஷன். இன்றைக்கு நம்ம நெடுஞ்சாலையில் மின்னுகிற பிளாஸ்டிக் பில்லைகளுக்கு அதுதான் மூத்தது. கொண்டை ஊசி வளைவில் நாலு பில்லை ஒழுங்கா இருந்தா என் விளக்குக்குப் பாதி வேலை மிச்சம். வருஷா வருஷம் பதிக்கிறாங்க, ஆறு மாசத்தில் பாதி பேர்ந்து போயிடுது.

அடுத்த கதை எனக்குப் பிடிச்ச கதை. 1962-ல் ஐரோப்பாவில் கார்களுக்கு ஹாலோஜன் பல்பு வந்தது. பழைய பல்பில் டங்ஸ்டன் கம்பி சூட்டில் கொஞ்சம் கொஞ்சமா ஆவியாகி, கண்ணாடி உள்பக்கம் கரி பிடிக்கும். ஹாலோஜன் வாயு அந்த ஆவியைத் திரும்பக் கம்பியிலேயே கொண்டுபோய்ச் சேர்க்கும். அதனால் கம்பியை இன்னும் சூடா, இன்னும் வெளிச்சமா எரிக்கலாம். 1966 மாண்டி கார்லோ பந்தயத்தில் பி.எம்.சி. கம்பெனியின் குட்டி மினி கார்கள் முதல் மூன்று இடத்தையும் பிடிச்சது. பிரெஞ்சுக்காரங்க பரிசோதனை பண்ணி, ஹெட்லைட்டில் டிம் பண்ண முடியாத ஒற்றைக் கம்பி ஹாலோஜன் பல்பு இருக்கு, விதிக்கு விரோதம் என்று மூன்றையும் நீக்கிட்டாங்க. எதிர் வண்டி வந்தால் ஹெட்லைட்டை அணைச்சுட்டு ஃபாக் விளக்கோட ஓட்டுறதுதான் மினிக்காரங்க செஞ்ச ஏற்பாடு. பரிசு சிட்ரோயன் காருக்குப் போச்சு. அது எந்த நாட்டுக் கார் என்று சொல்லத் தேவையில்லை.

இது எனக்கு ஏன் பிடிக்கும்னா, மினிக்கும் அம்பாசிடருக்கும் ஒரே தாய்வீடு. இங்கிலாந்தின் மாரிஸ் ஆக்ஸ்போர்டு மூன்றாம் வரிசைதான் மேற்கு வங்கம் உத்தரப்பாராவில் அம்பாசிடர் ஆனது. 1957-ல் தொடங்கி 2014 வரைக்கும் ஓட்டினாங்க. என்னுடையது 1978-ம் வருஷத்து மார்க் 3, 1489 சி.சி. பெட்ரோல். மின்சார வேலைப்பாடு எல்லாம் லூகாஸ் வழி. அந்த லூகாஸும் டி.வி.எஸ்.ஸும் சேர்ந்து 1961-ல் சென்னை பாடியில் ஒரு கம்பெனி தொடங்கினாங்க. நம்ம ஊர் ஆட்டோ எலக்ட்ரீசியன்கள் இன்றைக்கும் எந்த வண்டியைப் பிரிச்சாலும் லூகாஸ் பேரை ஒரு தடவையாவது சொல்லாம விடமாட்டாங்க.

பழைய வண்டிக்கு விளக்கு தேர்ந்தெடுக்கிறப்போ முதல் கேள்வி அழகு இல்லை, ஆம்பியர். என் வண்டியில் ஆல்டர்னேட்டர் கிடையாது, டைனமோ. அந்த வகை அதிகபட்சம் 22 ஆம்பியர் கொடுக்கும், அதுவும் எஞ்சின் நல்லா சுத்தும்போது. மிஸ்ட்டில் நாம ஓட்டுறதோ ஆமை வேகம். இரண்டு 55 வாட் பல்பு சேர்ந்தா 110 வாட், 12 வோல்ட்டில் 9 ஆம்பியருக்குக் கொஞ்சம் மேல. அதோட ஹெட்லைட், வைப்பர், இக்னிஷன் காயில், பின் விளக்கு எல்லாம் கூட்டினா 22-ஐத் தொட்டுடும். மிச்சத்தை பேட்டரிதான் ஈடு கட்டணும். கடையில் 100 வாட் பல்பு எடுத்து நீட்டினாங்க, வேண்டாம்னுட்டேன். எச்-3 பல்பு, 55 வாட், கோடு கோடா வார்ப்பு போட்ட கண்ணாடி உள்ள ஜோடிதான் வாங்கினேன். அந்தக் கோடுகள்தான் வெளிச்சத்தை இரண்டு பக்கமும் விரிக்கிறது.

மினிக்காரங்க தந்திரம் எனக்கும் உதவிச்சு. அம்பாசிடர் விளக்கு சுவிட்சில் முதல் படி பார்க்கிங், இரண்டாவது படி ஹெட்லைட். ஃபாக் விளக்கை முதல் படியிலிருந்தே எரியுற மாதிரி இணைச்சாச்சு. மிஸ்ட் கனமா இருந்தா ஹெட்லைட்டை அணைச்சுட்டு, பார்க்கிங் விளக்கும் ஃபாக் விளக்கும் மட்டும். டைனமோவுக்கும் நிம்மதி, கண்ணுக்கும் நிம்மதி.

சுவிட்ச் வழியா நேரா கரண்டைக் கொண்டுபோகக் கூடாது, அந்தப் பழைய சுவிட்ச் உருகிடும். ரிலே வேணும். பேட்டரியிலிருந்து 15 ஆம்பியர் ஃபியூஸ், அங்கிருந்து ரிலேயின் 30-ம் நம்பர் முனை, 87-லிருந்து விளக்குக்கு, 86-க்கு சுவிட்ச் வயர், 85 எர்த். வயர் 2.5 சதுர மில்லிமீட்டர். அந்தக் காலத்து பிரிட்டிஷ் வண்டிகள் பலவற்றில் ஹெட்லைட்டுக்கு ஃபியூஸே வச்சதில்லை, அதனால புதுசாச் சேர்க்கிறதுக்காவது ஃபியூஸை பேட்டரி பக்கத்திலேயே போடணும். எர்த்தை பெயின்ட் சுரண்டின சேசிஸ் இரும்பிலேயே முறுக்கணும். உங்க வீட்டில் 1960-களுக்கு முந்தின வண்டி இருந்தா இன்னொண்ணும் பாருங்க, சிலதில் பிளஸ்தான் எர்த். அதில் எல்.இ.டி. மாட்டினா தலைகீழாப் போயிடும். சாதாரண பல்புக்கு அந்தக் கவலை இல்லை.

உயரம் தரையிலிருந்து ஒன்றரை அடி. தகர பம்பரில் மாட்டாம, சேசிஸிலிருந்து பட்டை அடிச்சு மாட்டியிருக்கு, இல்லேன்னா எஞ்சின் அதிர்வில் வெளிச்சம் நடுங்கும். சரிபார்க்கிறது சுலபம். சமதளத்தில் சுவருக்கு 25 அடி தள்ளி வண்டியை நிறுத்தி, வெளிச்சத்தின் மேல் விளிம்பு விளக்கு மையத்தைவிட நாலு அங்குலம் கீழே விழற மாதிரி திருகணும். மூட்டை ஏத்தினதும் பின்பக்கம் தாழ்ந்து முன்பக்கம் தூக்கும், அதனால மூட்டையை ஏத்திட்டுத்தான் திருகணும். இதை எந்தப் பட்டறையிலும் செய்ய மாட்டாங்க.

இப்போ மலை ஏறி வர்ற வண்டிகளில் பம்பர் மேலயும் கூரை மேலயும் நீள நீளமா வெள்ளை எல்.இ.டி. பட்டை. எல்.இ.டி. மேல எனக்குக் கோபம் இல்லை. கரண்டு கம்மியா எடுக்கும், மேல்விளிம்பு ஒழுங்கா வெட்டின எல்.இ.டி. ஃபாக் விளக்கு என் டைனமோவுக்கு வரப்பிரசாதம்தான். ஆனா அந்தப் பட்டை ஃபாக் விளக்கே இல்லை. விளிம்பே கிடையாது, நீலம் கலந்த வெள்ளையை நாலா பக்கமும் வாரி இறைக்கும். போன ஐப்பசியில் பக்கத்துத் தோட்டத்துக்காரர் பிக்கப் இறங்கும்போது எதிரே அப்படி ஒரு வண்டி வளைவில் திரும்பிச்சு. மூணு செகண்டு அவருக்கு ஒண்ணுமே தெரியலை. வண்டி ஓரச் சுவரில் மோதி, முன் சக்கரம் ஒன்று அந்தரத்தில் தொங்கி நின்றது. கேரட்டெல்லாம் பள்ளத்தில். அவரும் அவர் மகனும் கதவைத் திறக்க பயந்து, ஆள் வர்ற வரைக்கும் அசையாம உட்கார்ந்திருந்தாங்க. எதிரே வந்த வண்டி நிற்கவே இல்லை.

டிசம்பரில் நீங்க மேல வர்றப்போ, ஏறும் வண்டிக்கு இறங்கும் வண்டி வழிவிடணும் என்ற மலைப் பழக்கம் உங்களுக்குச் சாதகம்தான். எங்களுக்கு நீங்க செய்ய வேண்டியது, அந்தப் பட்டையை கல்லாரிலேயே அணைச்சுட்டு லோ பீமில் ஏறி வாங்க. வளைவில் ஒரு ஹாரன். என்னோட இரண்டு விளக்கும் ரோட்டை ஒட்டித் தாழ்வா வரும், உங்க கண்ணில் படாது.