எல்லை தாண்டாத பதிவு: பரம்பரை வைத்தியரும் மாநிலப் பதிவேடும்

தமிழகத்துச் சிறுநகரங்கள் பலவற்றில் 'புத்தூர் கட்டு' என்ற பெயர்ப்பலகை தொங்குகிறது. புத்தூர் இருப்பது ஆந்திரத்தில். 1953 அக்டோபர் 1 வரை அது சென்னை மாநிலத்து ஊர். எல்லை பிரிந்த பிறகும் எலும்பு முறிவுக்குக் கட்டுப் போட இங்கிருந்து அங்கே போகிறவர்கள் நிற்கவில்லை. நோயாளி எல்லை தாண்டுவதற்குத் தடையில்லை. ஊர்ப்பெயரும் தாராளமாகத் தாண்டுகிறது. வைத்தியருக்குத்தான் சட்டம் குறுக்கே நிற்கிறது.

அந்தத் தடையின் வேர் 1970ஆம் ஆண்டு இந்திய மருத்துவ மத்தியக் குழுச் சட்டத்தில் இருக்கிறது. மாநிலப் பதிவேட்டில் பட்டதாரியும் உண்டு, பழைய மாநிலச் சட்டங்களின்படி அனுபவத்தின் பேரில் சேர்க்கப்பட்டவரும் உண்டு. மத்தியப் பதிவேட்டிலோ அட்டவணையில் கண்ட தகுதி உள்ளவர்களுக்கே இடம். நாட்டின் எப்பகுதியிலும் தொழில் செய்யும் உரிமையை 29ஆம் பிரிவு மத்தியப் பதிவேட்டில் உள்ளவர்களுக்கு மட்டுமே தந்தது. பழையவர்களின் சலுகையை 17ஆம் பிரிவு காப்பாற்றியது உண்மை; ஆனால் அது மாநிலச் சட்டம் தந்த சலுகை, அந்த மாநிலத்துக்கு வெளியே செல்லாது. அதற்குப் பதிலாக வந்த 2020ஆம் ஆண்டுச் சட்டம் மத்தியப் பதிவேட்டைத் தேசியப் பதிவேடாக்கியது. அடித்தளம் மாறவில்லை. சித்த மருத்துவப் பட்டதாரிக்கு மாநில எல்லை சில படிவங்களோடு முடிகிற அலுவலக வேலை. பரம்பரை வைத்தியருக்கு அது மதில்.

கன்னியாகுமரி மாவட்டத்து வர்ம ஆசான்களின் நிலை இன்னும் விசித்திரமானது. 1956 நவம்பர் 1 அன்று அகஸ்தீஸ்வரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு வட்டங்கள் சென்னை மாநிலத்தோடு இணைந்தன. அதுவரை அங்கே செல்லுபடியானது 1953ஆம் ஆண்டுத் திருவிதாங்கூர்-கொச்சி மருத்துவர் சட்டம். கேரள எல்லையிலுள்ள களியக்காவிளைக்கு இப்புறமும் அப்புறமும் ஒரே குருமரபில் பயின்றவர்கள், எல்லைக்கோடு நகர்ந்ததால், இரண்டு அரசுகளின் சட்டத்துக்கு உட்பட்டவர்களானார்கள்.

அப்படியானால் எல்லாக் கதவையும் திறந்துவிடலாமா? கூடாது. 2009இல் உச்ச நீதிமன்றத்தின் முன் வந்த வழக்கைப் பாருங்கள். பிரயாகை இந்தி சாகித்திய சம்மேளனத்தின் வைத்தியப் பட்டங்களுக்கு 1967 வரைதான் அங்கீகாரம் உண்டு. பீகாரில் பதிவு பெற்றவர்கள் அதைக் காட்டி மகாராஷ்டிரத்தில் தொழில் செய்ய உரிமை கோரினர், நீதிமன்றம் மறுத்தது. மறுத்தது சரி. இல்லையெனில் ஒரு மாநிலத்தின் தளர்ந்த பதிவேடு மற்றெல்லா மாநிலங்களுக்கும் புறவாசலாகிவிடும். அதே நீதிமன்றத்தில் கேரளப் பாரம்பரிய வைத்தியர்கள் 2018 ஏப்ரலில் தோற்ற வழக்கில்தான் எனக்கு உடன்பாடில்லை. அங்கீகாரமற்ற பட்டத்தைக் காட்டுபவரையும், பட்டமே கோராமல் ஆசானிடம் ஆண்டுக்கணக்கில் கைப்பழக்கம் பெற்றவரையும் போலி மருத்துவர் என்ற ஒரே வரிசையில் நிறுத்தியது அந்தத் தீர்ப்பு. சட்டத்தின் சொற்களுக்கு அது பொருந்தலாம். சட்டம் அவ்விருவரையும் பிரித்துப் பார்க்கத் தவறியதே குறை.

பிரித்துப் பார்க்கும் வழி ஏற்கெனவே கைவசம் உள்ளது. இந்தியத் தரக் குழுவின் தன்னார்வச் சான்றிதழ்த் திட்டம் எலும்பு முறிவு, மஞ்சள் காமாலை, பேறுகாலம், நஞ்சுக்கடி என்று திறன்வாரியாக நாட்டு வைத்தியர்களைச் சோதிக்கிறது. ஆனால் அந்தச் சான்றிதழ் தொழில் செய்யும் சட்ட உரிமையைத் தருவதில்லை. அதையே வரம்புள்ள தேசியப் பதிவாக்கலாம்: சோதிக்கப்பட்ட திறனுக்கு மட்டும் நாடெங்கும் அனுமதி, டாக்டர் என்று போட்டுக்கொள்ளத் தடை, எலும்பு வெளியே தெரியும் முறிவைக் கட்டாயமாக மருத்துவமனைக்கு அனுப்பும் விதி. நஞ்சுக்கடியை இதில் சேர்ப்பதற்கு நான் இணங்கமாட்டேன். பாம்பு கடித்தவருக்கு விஷமுறிவு ஊசி கிடைப்பதற்கு முன் கழியும் ஒவ்வொரு நிமிடமும் ஆபத்து.

இனி, புகார். ஆந்திரத்தில் பதிவு பெற்ற வைத்தியரிடம் ஓசூரில் கட்டுப் போட்டுக் கை அழுகிப்போனவர் எந்த மாநில மருத்துவக் கழகத்திடம் போவார், ஆந்திரக் கழகத்திடமா, தமிழ்நாட்டுக் கழகத்திடமா? தேசியப் பதிவு கேட்பவர்கள் இதைத் தொடுவதே இல்லை. ஆஸ்திரேலியாவில் 2012 ஜூலை வரை சீன மருத்துவர்களுக்குச் சட்டப் பதிவு இருந்த ஒரே மாநிலம் விக்டோரியா. பிறகு தேசியப் பதிவு வந்தது. பட்டமில்லாத பழையவர்களுக்கு மூன்றாண்டு இடைக்கால வழியும் தரப்பட்டது. ஆயினும் நியூ சவுத் வேல்ஸில் எழும் புகாரை அந்த மாநில அமைப்புகளே விசாரிக்கின்றன. இங்கும் சிகிச்சை நடந்த மாநிலத்தின் கழகத்துக்கே விசாரிக்கவும், பதிவை நாடு முழுவதும் நிறுத்திவைக்கவும் அதிகாரம் வேண்டும். அதைச் சட்டத்தில் எழுதாமல் வைத்தியருக்குத் தேசியப் பதிவெண் கொடுப்பதற்கு இப்போதுள்ள மதிலே மேல்.