உணர்வுள்ள ஈயம்

கோலாலம்பூர் ஈயத்தால் பிறந்த நகரம் என்பது பள்ளிப் பிள்ளைகளும் அறிந்த செய்தி. அந்த ஈயத்துக்கு உயிர் உண்டு, விருப்பு வெறுப்பு உண்டு, தன்னைத் தோண்ட வருவோரின் நடத்தையை அது கவனித்துக்கொண்டே இருக்கிறது என்று ஒரு காலத்தில் இம்மண்ணின் மக்கள் உறுதியாக நம்பினர் என்பதோ அத்துணை பரவலாக அறியப்படாத செய்தி.

உலோகத்தையும் மனத்தையும் இணைத்துப் பார்ப்பது தமிழர்க்குப் புதிதன்று. வெள்ளீயத்தை வெள்வங்கம் என்றும் காரீயத்தைக் கருவங்கம் என்றும் பிரித்தறிந்த சித்தர் மரபு, பாதரசத்தைக் கட்டி இரசமணியாக அணிந்தால் மனம் ஒருமுகப்படும் என்று கூறிற்று. (வங்கம் என்பது கப்பலுக்கும் பெயர். கடல் கடந்து ஈயம் விளையும் நாட்டுக்கு வந்த தமிழர்க்கு இப்பொருத்தம் சுவையாகவே தோன்றும்.) ஆயினும் இரசமணியில் உலோகம் மனிதனின் மனத்தை ஆள்கிறது. மலாய்ச் சுரங்கத்திலோ உலோகத்துக்கே ஒரு மனம் இருந்தது.

பேராக்கில் கிந்தாச் சுரங்கங்களைக் கண்காணித்த ஏபிரகாம் ஹேல் என்னும் ஆங்கில அதிகாரி 1885இல் இந்நம்பிக்கைகளைத் தொகுத்து எழுதினார். சிலாங்கூரில் பணியாற்றிய வால்டர் ஸ்கீட் 1900இல் வெளியிட்ட மலாய் மாந்திரிகம் பற்றிய நூலிலும் இவை விரிவாக இடம்பெற்றன. ஈயமணல் தானாகவே இடம்விட்டு இடம் நகரும், இனம் பெருக்கும், சிலரை விரும்பும், சிலரை வெறுக்கும். ஆதலால் அதனை மதிப்போடு நடத்த வேண்டும். இன்னும் சொல்லப்போனால், அதற்கே தெரியாமல் அதனை எடுத்துவிட வேண்டும். எருமை வடிவில் ஈயத்தின் ஆவி மண்ணுக்கடியில் நடமாடுவதாகவும், பொன்னின் ஆவி கிஜாங் என்னும் மான் வடிவில் திரிவதாகவும் கருதினர். இந்த ஆவியைக் குறித்த சொல் ‘செமங்காட்’. இன்று அதே சொல் ஊக்கம் என்னும் பொருளில் வழங்குகிறது.

ஈயத்துக்கும் மனிதனுக்கும் இடையே நின்றவர் பவாங். சுரங்கத்தில் பலிமேடை அமைத்துப் படையலிட்டவர் அவரே. விலக்குகளை வகுத்தவரும் அவரே. குடை விரித்தல் ஆகாது. செருப்பணிந்து இறங்குதல் ஆகாது. ஆயுதம் கொண்டு வருதல் ஆகாது. மீறியவன் அபராதம் செலுத்தினான். சில பெயர்களைச் சொல்வதும் குற்றமாயிற்று. யானையை யானை என்னாமல் உயர்ந்து திரிவது என்றும், பூனையை அடுப்படியில் திரிவது என்றும், எருமையைத் துரதிர்ஷ்டம் பிடித்தது என்றும் சொன்னார்கள். ஈயமணல் புல்லின் கனியாயிற்று; உருக்கிய ஈயம் வெண்கல்லாயிற்று. காதுள்ள பொருளின் முன்னால் அதன் பெயரைச் சொல்லலாமா?

இதனை வெறும் மூடநம்பிக்கை என்று ஒதுக்குவது எளிது. ஆனால் இப்பள்ளத்தாக்கின் மண்ணை அறிந்தவர் அவ்வாறு விரைந்து ஒதுக்கமாட்டார். நடுமலைத்தொடரின் கருங்கல்லிலிருந்து அரிக்கப்பட்டு வந்த ஈயமணல், சுண்ணாம்புப் பாறையின் கூரிய முகடுகளுக்கு இடையே உள்ள பள்ளங்களில் தங்கியது. சாதாரண மணலைப்போல் இரண்டரை மடங்குக்கும் மேல் கனமுள்ள பொருள் அது. நீர் எங்கே வேகம் குறைந்ததோ அங்கே படிந்தது. ஆகவே ஒரு குழியில் குவியலாகக் கிடைக்கும். பத்தடி தள்ளித் தோண்டினால் வெறுங்களிமண். நேற்று இருந்தது இன்று இல்லை என்றால், அது ஓடிவிட்டது என்று எண்ணுவதில் வியப்பென்ன? ஆயுத விலக்கிலும் ஓர் உலகியல் பயன் இருந்தது. பொறாமையும் சூதும் நிறைந்த குழிகளில் கத்தி இல்லாதிருப்பது ஈயத்துக்கு உகந்ததோ இல்லையோ, மனிதர்க்கு உகந்தது.

எனினும் பவாங்கின் விலக்குகள் காக்க இயலாத சாவும் இருந்தது. 1857இல் கிள்ளான் தலைவர் ராஜா அப்துல்லா, 87 சீனத் தொழிலாளரை ஆற்றின் வழியே மேலனுப்பினார். அவர்கள் அம்பாங் காட்டில் ஈயம் தேடினர். ஒரு மாதத்துக்குள் காய்ச்சல் கொண்டது போக எஞ்சியவர் 18 பேர். காய்ச்சலைச் சுமந்தது கொசு என்பதை உலகம் அறிய மேலும் நாற்பது ஆண்டுகள் ஆயின. அதன்பின், 1901இல், மால்கம் வாட்சன் என்னும் மருத்துவர் கிள்ளானின் சதுப்பு நிலங்களை வடியச் செய்து அந்நகரைக் காய்ச்சலிலிருந்து மீட்கத் தொடங்கினார்.

அம்பாங்கில் மாண்ட 69 பேரின் பெயர்கள் வரலாற்றில் இல்லை. ஈயம் மட்டும் 1859இல் ஏற்றுமதியாயிற்று. கிள்ளான் ஆற்றின் வாயில் எவர் கையில் இருந்ததோ அவர்க்கே ஈயத்தின் வரி என்பதால், 1867இல் ராஜா மஹாடி கிள்ளானைக் கைப்பற்றினார். அதனால் மூண்ட போரில் 1872இல் கோலாலம்பூர் எரிந்தது. ஈயம் யாரை விரும்பியதோ தெரியாது. ஈயத்தை விரும்பாதவர் எவருமில்லை.

இவ்வரலாற்றில் தமிழர் பங்கு கூலியோடு நின்றதன்று. 1850இல் சிங்கப்பூரில் பிறந்த கா. தம்புசாமிப் பிள்ளை, லோக் இயூவுடன் சேர்ந்து ரவாங்கில் ஈயத்தொழில் நடத்தினார். 1894இல் அவ்விருவரும் அங்கே மின்னாக்கி நிறுவி, மலாயாவிலேயே முதன்முதலாகச் சுரங்கத்தில் மின்விசைக் குழாய் கொண்டு நீர் இறைத்தனர். கோலாலம்பூர் மகா மாரியம்மன் கோயிலையும் பத்துமலைக் கோயிலையும் நிறுவியவராகப் போற்றப்படும் அதே மனிதர்தாம், ஈயக்குழியில் மின்சாரத்தைப் பாய்ச்சியவர். மின்குழாய்க்கு முன் பவாங்கின் செல்வாக்கு நிலைக்கவில்லை. குடையும் செருப்பும் எவருடைய மனத்தையும் அதன்பின் புண்படுத்தவில்லை.

1886இல் கோலாலம்பூரிலிருந்து கிள்ளான் ஆற்றங்கரையிலுள்ள புக்கிட் கூடாவுக்கு ஓடத்தொடங்கிய இரயில் முதன்மையாக ஈயத்தையே சுமந்தது. செங்கற் சூளைகளால் பெயர்பெற்ற பிரிக்பீல்ட்ஸ், இரயில்வேத் தொழிலாளரான தமிழரின் குடியிருப்பாக வளர்ந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டு முடியும்போது உலக ஈயத்தில் ஏறக்குறைய பாதி மலாயாவிலிருந்து சென்றது. 1985 அக்டோபரில் உலக ஈயச் சந்தை சரிந்தபின் லம்பங்கள் ஒவ்வொன்றாக மூடப்பட்டன. சுங்கை பீசியில் உலகின் மிகப் பெரிய திறந்தவெளி ஈயச் சுரங்கமாக விளங்கிய பள்ளம் இன்று ஏரி. அதன் கரையில் விடுதிகள் நிற்கின்றன.

தூய ஈயக்கம்பி ஒன்றை எடுத்துக் காதருகே வைத்து மெல்ல வளைத்தால், உள்ளிருந்து முனகல்போல் ஓர் ஒலி எழும். வளையும்போது படிகங்கள் இரட்டைப்படிகங்களாக மாறுவதே காரணம் என்று அறிவியல் கூறும். உலோக நூலார் அதற்கு இட்ட பெயர் ‘ஈயத்தின் அழுகை’.