களைநெல்

களைநெல், நெல்வயலுக்குள் நெற்பயிரின் தோற்றத்திலேயே வளரும் களை. பாலக்காட்டு மலையாளத்தில் இதன் பெயர் வரிநெல்லு. தமிழில் காட்டுநெல் என்றும் சொல்வதுண்டு. சுற்றியிருப்பதைப் போல உருக்கொண்டு ஒளியும் மாயச்செடி கதைகளில் வரும். பாலக்காடு மாவட்டத்தின் சித்தூர், நெம்மாறை, ஆலத்தூர் வயல்களில் அப்படியொரு செடி நிசமாகவே நிற்கிறது; களை எடுப்பவர் அதைத் தாண்டித்தான் போகிறார்.

தாவரவியல்படி இது தனி இனமே அல்ல. பயிர்நெல்லும் களைநெல்லும் ஒரைசா சட்டைவா என்ற ஒரே இனத்தைச் சேர்ந்தவை. பயிர்நெல்லும் காட்டினங்களும் கலந்ததாலோ, பயிர்நெல்லே பழைய காட்டுக்குணத்துக்குத் திரும்பியதாலோ களைநெல் உருவாகிறது. எது எந்த வயலில் நடந்தது என்பது ஊருக்கு ஊர் வேறுபடும். முளைவிட்ட நாளிலிருந்து பூக்கும் பருவம்வரை இரண்டுக்கும் இலை, தூர், நிறம் எல்லாம் ஏறக்குறைய ஒன்றே. நெல்லைப்போல் வேடமிடும் இன்னொரு களையான குதிரைவாலியைக்கூட ஒரு விதத்தில் பிடித்துவிடலாம்: இலை தண்டோடு சேருமிடத்தில் நெல்லுக்கு மெல்லிய சவ்வு போன்ற நாக்கு உண்டு, குதிரைவாலிக்குக் கிடையாது. களைநெல்லிடம் அந்தச் சோதனையும் பலிக்காது, அந்த நாக்கு அதற்கும் இருக்கிறது.

வேடம் கலைவது கதிர் வரும்போதுதான். பெரும்பாலும் களைநெல் பயிருக்குச் சில நாள் முந்திப் பூக்கும். பல வகைகளில் மணி நுனியில் நீண்ட மீசை நிற்கும். உமி சிலவற்றில் வைக்கோல் நிறம், சிலவற்றில் கருப்பு. அடையாளம் தெரிந்தாலும் அப்போது பயனில்லை. மணிகள் முற்றியதும் தாமாகவே உதிர்ந்து சேற்றில் புதைந்துவிடும். அறுவடைக்கு அரிவாள் வருவதற்குள் அடுத்த போகத்துக்கான விதைப்பு முடிந்திருக்கும். உதிர்ந்த மணி எல்லாம் ஒன்றாக முளைப்பதும் இல்லை. உறக்கநிலையில் கிடந்து, ஆண்டுக்கணக்கில் தவணை தவணையாக எழும்பும். ஒரு போகம் முழுவதும் துப்புரவாகக் களையெடுத்த வயலிலும் மறுபோகம் அது தலைகாட்டுவது இதனால்தான்.

மனிதன் நெல்லைப் பழக்கியபோது நீக்கிய முக்கியக் குணங்களில் ஒன்று இந்த உதிர்வு. அதில் எஸ்எச்4 என்ற மரபணுவில் ஏற்பட்ட ஒற்றை எழுத்து மாற்றத்துக்குப் பெரும்பங்கு உண்டு. அமெரிக்கக் களைநெல்லை ஆராய்ந்தவர்கள் எதிர்பாராத ஒன்றைக் கண்டார்கள்: அதனிடமும் பழக்கப்பட்ட நெல்லின் உதிராத வடிவ எஸ்எச்4தான் இருக்கிறது, ஆனாலும் மணி உதிர்கிறது. விட்ட குணத்தை வேறு வழியில் மீட்டுக்கொண்டிருக்கிறது.

இந்த வேடத்தை வடித்தது களையெடுக்கும் கைதான். பயிரிலிருந்து கொஞ்சம் மாறித் தெரியும் செடி பிடுங்கப்படும்; மாறுபாடு தெரியாதது தப்பி விதை தரும். தலைமுறைகள் செல்லச்செல்ல, பயிரை ஒத்தவையே மிஞ்சும். ரஷ்யத் தாவரவியலாளர் நிகோலாய் வவிலோவ் கோதுமைக் களையாக இருந்த ரை என்ற தானியம் காலப்போக்கில் தானே பயிரானதை விளக்கியவர். களைகள் பயிரைப் போலாவதற்கு அவர் பெயராலேயே வவிலோவியப் போலித்தோற்றம் என்ற பெயர் 1982இல் வழங்கலாயிற்று. சீனாவின் யாங்சி ஆற்றுப் பகுதிக் குதிரைவாலியின் மரபணுத் தொகுதியை ஆராய்ந்து 2019இல் வெளியான கட்டுரை, அது நெல்போல் நிமிர்ந்து நிற்கத் தொடங்கி ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகள் ஆகின்றன என்றது. பூச்சியின் வேடத்தைத் தீட்டுவது பறவையின் கண் என்றால், இங்கே அது உழவரின் கண்.

பாலக்காட்டில் இந்தக் களைக்கு ஒரு கூடுதல் மறைவிடமும் இருக்கிறது. களைநெல் அரிசியின் மேல்தோல் பொதுவாகச் சிவப்பு. வெள்ளரிசிச் சந்தைகளில் சில சிவப்பு மணிகள் கலந்தாலே விலை இறங்கும். பாலக்காட்டு மட்டை அரிசியோ இயல்பிலேயே சிவப்பு. ஜோதி, உமா போன்ற ரகங்களும் சிவப்பரிசிதான். உமி நீங்கிய பின் திருட்டு மணியைக் கண்டுபிடிக்க நிறமும் கைகொடுக்காது.

பழைய முறையில் விரிப்புப் போகத்துக்குப் புழுதியில் விதைப்பதும், முண்டகன் போகத்துக்கு நாற்று நடுவதும் வழக்கம். நடவு வயலில் வரிசைக்கு இடையே முளைத்தது களை என்று தெரிந்துவிடும். தேங்கிய தண்ணீரும் முளைப்பைத் தடுக்கும். ஆள் கிடைக்காமல் நேரடி விதைப்பு பெருகியபோது இரண்டு காவலும் போயின. கடுமையாகப் பரவிய வயலில் மகசூல் பாதிக்கும் மேலாகக் குறையலாம்.

கட்டுப்படுத்தும் வழிகளில் நம்பத்தக்கது, விதைப்பதற்கு முன் வயலை நனைத்து முளைக்கவிட்டு, முளைத்ததை உழுது அழிப்பது. கலப்பற்ற விதை, நடவுக்குத் திரும்புதல், ஒரு போகம் உளுந்தோ எள்ளோ போடுதல் ஆகியவையும் உதவும். குட்டை ரகங்களுக்கு மேலே களைநெல்லின் கதிர் நீட்டிக்கொண்டு நிற்பதைக் கேரள வேளாண் பல்கலைக்கழகம் பயன்படுத்திக்கொண்டது: பயிர் உயரத்துக்குச் சற்று மேலே களைக்கொல்லி தோய்ந்த பட்டையை இழுத்து, உயர்ந்த கதிர்களை மட்டும் தொட்டுச் செல்லும் கைக்கருவியை உருவாக்கியது.

வேடத்தை எதிர்த்துப் பயிரின் நிறத்தையே மாற்றிப் பார்த்ததும் உண்டு. பிரிட்டிஷ் இந்தியாவின் மத்திய மாகாணத்தில் ஊதா இலை நெல்லைப் பயிரிட்டு, பச்சையாகத் தெரிவதைப் பிடுங்கும் முறை வகுக்கப்பட்டது. இனம் ஒன்றே என்பதால் மகரந்தம் கலந்தது. நாளடைவில் களைநெல்லிலும் ஊதாச் செடிகள் தோன்றின. அமெரிக்காவில் 2002இல் குறிப்பிட்ட களைக்கொல்லியைத் தாங்கும் நெல் வந்தபோதும் இதே நடந்தது. சில ஆண்டுகளில் அந்தத் தாங்குதிறன் களைநெல்லுக்குக் கைமாறியது. இந்தியாவில் அத்தகைய பாசுமதி ரகங்கள் 2021இல் வெளியிடப்பட்டுள்ளன.