கொப்பரையில் பிறந்த பூதம்

பேய்க்கதை பகுத்தறிவாளர்க்கு ஆகாது என்பர். நாம் அவ்வாறு கருதவில்லை. 1818-இல், இருபது வயது மங்கை மேரி ஷெல்லி, தன் பெயர் போடாமல் வெளியிட்ட 'பிராங்கன்ஸ்டைன்' பேயை நம்பச் சொல்லும் ஏடன்று. படைத்துக் கைவிட்டவனை, படைக்கப்பட்டதே கேள்வி கேட்கும் ஏடு!

1910-இல் அமெரிக்காவின் எடிசன் நிறுவனம் அதனைக் கால் மணி நேரத்துக்குள் ஓடும் படமாக்கிற்று. பேசாப் படம், அச்சத்தைக் கண் வழியேதான் ஊட்டியாக வேண்டும். என் செய்தனர்? பொம்மையொன்றை எரித்துப் படம்பிடித்தனர். அதனைத் தலைகீழாகத் திருப்பிக் காட்டினர். சாம்பலிலிருந்து சதை திரண்டது, எலும்புக்கை அசைந்தது, கொப்பரையிலிருந்து பூதம் எழுந்தது! மந்திரமன்று, எந்திரம். அந்தக் கைத்திறனை நாம் மெச்சுகிறோம்.

ஆனால் கேள்வி எங்கே? அருவருப்பானவற்றை நீக்கிவிட்டதாக நிறுவனமே பறைசாற்றிற்று. நீங்கியது அருவருப்பு மட்டுமா? நூலில் வழக்குரைத்த உருவம், படத்தில் காதலின் வலிமைக்குத் தோற்று, நிலைக்கண்ணாடி முன் கரைந்துபோகிறது. நூலில் மாண்டுபோகும் பிராங்கன்ஸ்டைனோ, இங்கே மணமகளை அணைத்து நிற்கிறான்!