20 சிலிங் வழக்கு

1635 ஓகஸ்ட்டில் இங்கிலாந்து மன்னர் முதலாம் சார்ள்ஸ் பக்கிங்ஹாம்ஷயருக்கு ஓர் ஆணை அனுப்பினார். 450 தொன் கப்பல் ஒன்றை 180 ஆட்களோடு அடுத்த மார்ச் மாதத்துக்குள் தர வேண்டும். பக்கிங்ஹாம்ஷயருக்குக் கடற்கரையே இல்லை. அது மன்னருக்கும் தெரியும். கேட்டது உண்மையில் கப்பலை இல்லை, 4,500 பவுண் காசை.

இதுக்குப் பெயர் கப்பல் பணம். யுத்த காலத்தில் துறைமுக ஊர்களிடம் கப்பல் கேட்பது பழைய வழக்கம்தான். 1629இல் பாராளுமன்றத்தைக் கலைத்துவிட்டு அது இல்லாமலே ஆண்ட சார்ள்ஸ், 1634இல் இதைத் தூசு தட்டி எடுத்து, அடுத்த வருசமே நாடு முழுக்க விரித்தார். வரி போட பாராளுமன்றத்தின் சம்மதம் வேணும். ஆனால் இது வரி இல்லையாம், பாதுகாப்புக்கான சேவையாம். பெயரை மாத்தினால் வரி இல்லாமல் போயிடுமா? (சேர்த்த காசு கடற்படைக்குத்தான் போனது, அதையும் சொல்லத்தான் வேணும்.)

ஜோன் ஹம்டன் என்ற நிலவுடைமையாளர் கட்ட மறுத்தார். வழக்குக்கு வந்த தொகை வெறும் 20 சிலிங், அதாவது ஒரு பவுண். அவர் பெரிய பணக்காரர், அது அவருக்கு ஒரு காசே இல்லை.

எங்களுக்கு இந்தக் கதையில் ஆக உறுத்துவது வழக்குக்கு முந்தி நடந்த விசயம்தான். 1637 பெப்ரவரியில் மன்னர் 12 நீதிபதிகளுக்கும் கடிதம் எழுதிக் கேட்டார்: நாட்டுக்கு ஆபத்து என்றால் மக்களிடம் கப்பல் கேட்கலாமா, ஆபத்து இருக்கா இல்லையா என்று தீர்மானிப்பது மன்னர் மட்டும்தானே? ஓம் என்று 12 பேரும் கையெழுத்து வைத்துக் கொடுத்தார்கள். அதே வருசக் கடைசியில் ஹம்டனின் வழக்கைக் கேட்க இருந்ததும் அதே 12 பேர்!

ஹம்டனுக்காக வாதாடிய ஒலிவர் சென் ஜோன் கெட்டிக்காரர். மன்னரின் பாதுகாப்பு அதிகாரத்தை அவர் மறுக்கவே இல்லை. திகதிகளைத்தான் எடுத்தார். ஆணைக்கும் கப்பல் வர வேண்டிய நாளுக்கும் இடையில் ஏறக்குறைய 7 மாதம். பாராளுமன்றத்தைக் கூட்ட 40 நாள் அறிவித்தல் போதும். அப்ப என்ன அவசரம்?

1638இல் தீர்ப்பு வந்தது. 7 பேர் மன்னர் பக்கம், 5 பேர் ஹம்டன் பக்கம். அந்த 5 பேரிலும் பிரம்ஸ்டன், டெவன்போர்ட் இருவரும் தொழில்நுட்பக் காரணம் காட்டித்தான் ஹம்டன் பக்கம் நின்றார்கள். குரோக்கும் ஹட்டனும், பெப்ரவரியில் தாங்களே கையெழுத்து வைத்திருந்தும், மன்னருக்கு இந்த அதிகாரம் இல்லை என்று வெளிப்படையாகச் சொன்னார்கள். மறுபக்கம் நீதிபதி ஃபின்ச், நாட்டைக் காக்கும் மன்னரின் அதிகாரத்தைப் பறிக்கும் பாராளுமன்றச் சட்டம் எதுவும் செல்லாது என்ற அளவுக்குப் போனார்.

ஹம்டன் தோற்றார். ஆனால் 5 பேர் மறுத்த கதை ஊர் ஊராய்ப் பரவிவிட்டது. ஆரம்பத்தில் கேட்டதில் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் வசூலான இந்தப் பணம், 1639 ஆணைக்குக் கால்வாசிகூடத் தேறவில்லை. ஷெரிப்மார் வீடு வீடாய் மாடுகளைப் பறித்தார்கள், அந்த மாடுகளை வாங்க ஆள் இல்லை.

1640இல் வேறு வழியில்லாமல் பாராளுமன்றம் கூடியது. ஃபின்ச் ஒல்லாந்துக்கு ஓடினார். மன்னர் பக்கம் தீர்ப்புச் சொன்ன இன்னொருவரான பெர்க்லியை 1641 பெப்ரவரியில் நீதிமன்ற ஆசனத்தில் இருக்கும்போதே கைது செய்தார்கள். அதே வருசம் கப்பல் பணத்தையும் ஹம்டனுக்கு எதிரான தீர்ப்பையும் சேர்த்து ஒரே சட்டத்தால் ரத்துச் செய்தார்கள்.