ஷோகேஸில் ஒருவர், குடோனில் ஒருவர்!

1973, அக்டோபர் 15. இங்கிலாந்தில் உள்ள டெர்பி நகரம். ‘டெர்பி கவுன்ட்டி’ கால்பந்து கிளப்பின் மேனேஜர் பிரையன் கிளஃபும் அவருடைய வலது கையான பீட்டர் டெய்லரும் சேர்ந்தே ராஜினாமா செய்தார்கள்.

ஊரே ஆடிப்போனது. இருக்காதா பின்னே? டெர்பி கிளப் ஆரம்பிக்கப்பட்டது 1884-ல். அன்றிலிருந்து ஒருமுறைகூட இங்கிலாந்து லீக் சாம்பியன் ஆகாத அந்த டீமை, 1972-ல் சாம்பியன் ஆக்கிக் காட்டியவர்கள் இந்த இருவர்தான். அடுத்த வருஷமே ஐரோப்பியக் கோப்பையின் செமி ஃபைனல் வரை அழைத்துப் போனார்கள். அப்படிப்பட்டவர்களின் ராஜினாமாவை எந்த போர்டாவது ஏற்றுக்கொள்ளுமா?

ஏற்றுக்கொண்டது! அதுவும் கையோடு!

கிளஃப் இதைக் கொஞ்சமும் எதிர்பார்க்கவில்லை என்றே தோன்றுகிறது. காரணம், ஏழு வருஷம் முன்பு வேறொரு கிளப்பில் அவர் படித்திருந்த ஒரு பாடம். அதைச் சொல்வதற்கு முன், ஒரு சின்ன விளக்கம்.

கிரிக்கெட் பார்த்துப் பழகிய நமக்கு ‘மேனேஜர்’ என்றால் ஹோட்டல் ரூம் போட்டு, பெட்டி படுக்கையை எண்ணிப் பார்க்கிறவர். அந்தக் கால இங்கிலாந்துக் கால்பந்தில் மேனேஜர் கிட்டத்தட்ட குறுநில மன்னர். யார் ஆடுவது, யாரை வாங்குவது, யாரை விற்பது... எல்லாம் அவர்தான். அவருக்கு மேலே சேர்மனும் டைரக்டர்களும். பெரும்பாலும் உள்ளூர் வியாபாரிகள். பணம், செக் புக் அவர்கள் கையில். புகழ் முழுக்க மேனேஜர் கையில். உரசல் வராமல் இருக்குமா?

அதிலும் மேனேஜர் பெயர் பிரையன் கிளஃப் என்றால்?

மனுஷர் ஆட்டக்காரராக இருந்தபோதே அப்படித்தான். மிடில்ஸ்பரோ, சந்தர்லாண்ட் டீம்களுக்காக 274 லீக் ஆட்டங்களில் 251 கோல்! ஆனால் இங்கிலாந்து டீமுக்காக ஆடியது இரண்டே மேட்ச். வாய் அடங்கியிருந்தால் இன்னும் சில மேட்ச் கிடைத்திருக்கலாம். 1962 டிசம்பர் 26-ம் தேதி, பெரி டீமின் கோல்கீப்பரோடு மோதியதில் முழங்கால் போனது. பிறகு எழுந்து ஓடிப் பார்த்தார், முடியவில்லை. இருபத்தொன்பது வயதில் கேரியர் காலி.

பீட்டர் டெய்லர், மிடில்ஸ்பரோவில் அவரோடு இருந்த கோல்கீப்பர். சுமாரான கோல்கீப்பர்தான். ஆனால் அவரிடம் வேறொரு சங்கதி இருந்தது. யாரிடம் என்ன திறமை ஒளிந்திருக்கிறது என்று மோப்பம் பிடிக்கும் கண்... (மூக்கு என்று சொல்ல வேண்டுமோ?) மிடில்ஸ்பரோவில் யாரும் பெரிதாக மதிக்காத இளைஞன் கிளஃபைப் பார்த்து, ‘இவன் பெரிய ஆள்’ என்று எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு திரிந்தவர் அவர்.

1965-ல் கிளஃபுக்கு முப்பது வயது. நான்காவது டிவிஷனின் அடிமட்டத்தில் தள்ளாடிக்கொண்டிருந்த ‘ஹார்ட்டில்பூல்ஸ்’ கிளப் அவரை மேனேஜராகக் கூப்பிட்டது. கிளஃப் உடனே டெய்லருக்குச் சொல்லி அனுப்பினார். வேறொரு சின்ன கிளப்பில் நல்ல சம்பளத்தில் இருந்த டெய்லர், அதை உதறிவிட்டு வந்தார். உதவி மேனேஜர் என்று ஒரு பதவி தர அந்த ஏழை கிளப்புக்கு வசதி இல்லை. அதனால் பெயருக்கு ‘ட்ரெய்னர்’! அடிபட்டு விழுந்தவர்களிடம் தண்ணீர் வாளியும் ஸ்பாஞ்சுமாக ஓட வேண்டிய வேலை.

ஹார்ட்டில்பூல்ஸ் சேர்மன் எர்னி ஆர்டுக்கு, பத்திரிகையில் தன் பெயர் வராமல் கிளஃப் பெயர் வருவது பிடிக்கவில்லை. முதலில் டெய்லரை வேலையை விட்டு எடுத்தார். “முடியாது” என்றார் கிளஃப். “அப்படியானால் நீயும் போ” என்றார் சேர்மன். கிளஃப் நகரவே இல்லை! மற்ற டைரக்டர்களைத் தன் பக்கம் இழுத்தார். கடைசியில் வெளியே போனது யார் தெரியுமா? சேர்மன்!

இதுதான் அந்தப் பாடம். சேர்மன் என்பவர் ஜெயிக்கக்கூடிய ஆசாமிதான். கெட்டியாக நின்றால் போதும்.

1967-ல் இரட்டையர் டெர்பிக்கு வந்தார்கள். அப்போது அது இரண்டாவது டிவிஷன் டீம். சேர்மன் சாம் லாங்சன், லாரித் தொழிலில் முன்னுக்கு வந்த கிழவர். கிளஃபை மகன் மாதிரி பாவித்தார். கேட்டதெல்லாம் கொடுத்தார்.

இங்கே இருவரும் வேலை செய்த விதத்தைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும். டேவ் மக்கே என்ற ஸ்காட்லாந்து வீரர். டாட்டன்ஹாம் டீமின் பெரிய நட்சத்திரம். ஆனால் 1968-ல் அவருக்கு 33 வயது. இரண்டு முறை கால் முறிந்தவர். ‘ஓய்வுபெறும் நேரத்தில் இவர் எதற்கு?’ என்றுதான் யாரும் கேட்பார்கள். டெய்லரின் கணக்கு வேறு. ‘மைதானம் முழுக்க ஓடும் பழைய மக்கே நமக்கு வேண்டாம். பின்வரிசையில் நின்று, சுற்றியிருக்கும் சின்னப் பையன்களை மேய்க்கிற மக்கே வேண்டும்!’ லண்டனுக்குப் போய், வரமாட்டேன் என்றவரைப் பேசிப் பேசிச் சம்மதிக்க வைத்தது கிளஃப். விலை வெறும் 5,000 பவுண்ட். அடுத்த வருஷம் டெர்பி முதல் டிவிஷனுக்கு ஏறியது. மக்கே, 1969-ம் ஆண்டின் சிறந்த ஆட்டக்காரர் விருதை இன்னொருவருடன் பகிர்ந்துகொண்டார்.

டெய்லர் கண்டுபிடிப்பார், கிளஃப் கொண்டுவந்து சேர்ப்பார். டெய்லர் ‘இவன் வேண்டாம்’ என்றால் கிளஃப் கேட்டுக்கொள்வார். உலகத்தில் வேறு யார் சொன்னாலும் கேட்காதவர்! ஆட்டக்காரர்கள் கருத்து வேறுபட்டால் என்ன செய்வீர்கள் என்று டி.வி. பேட்டியில் கேட்டபோது, ‘இருபது நிமிஷம் உட்கார்ந்து பேசுவோம். அப்புறம் நான் சொன்னதுதான் சரி என்று முடிவு செய்வோம்’ என்கிற அர்த்தத்தில் பதில் சொன்ன மனிதர் அவர்.

சேர்மனிடமும் அதே பாணிதான். 1971-ல் காலின் டாட் என்ற வீரரை ஒன்றே முக்கால் லட்சம் பவுண்ட் அளவுக்குக் கொட்டி வாங்கினார். லாங்சன் அப்போது மேற்கிந்தியத் தீவுகளில் விடுமுறையில் இருந்தார். அவருக்குத் தகவல் தந்தியில் போனது! 1972-ல் டேவிட் நிஷ்ஷுக்கு 2,25,000 பவுண்ட். அன்றைக்கு அது பிரிட்டிஷ் ரெக்கார்டு. அதே வருஷம், வெளிநாட்டுப் பயணத்துக்குக் குடும்பத்தையும் அழைத்து வருவேன் என்றார். கிளப் மறுத்தது. அப்படியானால் நானும் வரவில்லை என்று வீட்டிலேயே இருந்துவிட்டார். இதற்கு நடுவே டி.வி-யில் விமர்சனம், பத்திரிகையில் காலம். யாரைப் பற்றியும் எதையும் சொல்வார். லீட்ஸ் டீம் முரட்டாட்டம் ஆடுகிறது, அவர்களை இரண்டாவது டிவிஷனுக்குத் தள்ள வேண்டும் என்று 1973-ல் எழுதினார்.

லாங்சனுக்குப் பொறுமை போனது. டி.வி., பத்திரிகை எல்லாவற்றையும் குறைத்துக்கொள் என்று உத்தரவு வந்தது. டைரக்டர்களில் ஒருவரான ஜாக் கிர்க்லாண்ட் ஒரு படி மேலே போனார். டெய்லரை விரலசைத்துக் கூப்பிட்டு, இந்த கிளப்பில் உன் வேலைதான் என்ன என்று விளக்கம் கேட்டார்.

கேட்ட விதம் அநாகரிகம். ஆனால் கேள்வி? சும்மா சொல்லக்கூடாது, அருமையான கேள்வி! டெய்லர் என்னதான் செய்கிறார் என்பது அந்த போர்டில் யாருக்குமே தெரியவில்லை.

ராஜினாமா ஏற்கப்பட்டது. ஆட்டக்காரர்கள் கொதித்தார்கள். ரசிகர்கள் கூட்டம் போட்டார்கள். ஹார்ட்டில்பூல்ஸ் கதை திரும்பும் என்று பார்த்தால், லாங்சன் அசையவில்லை. புது மேனேஜராக அவர் கொண்டுவந்தது, கிளஃபே வாங்கிப்போட்ட டேவ் மக்கேயை! மக்கேயும் 1975-ல் டெர்பியை மறுபடி சாம்பியன் ஆக்கினார். டெர்பி ஒன்றும் அழிந்துவிடவில்லை. சிங்கம் போனால் காடு காலியாகிவிடும் என்று நம்புகிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

கிர்க்லாண்டின் கேள்விக்குப் பதில், லீட்ஸ் நகரில் கிடைத்தது.

இருவரும் முதலில் மூன்றாவது டிவிஷன் டீமான பிரைட்டனுக்குப் போனார்கள். அங்கே சொந்த மைதானத்திலேயே 8-2 என்று ஓர் உதை வாங்கியதைச் சொல்லிவிட்டுத் தாண்டிப் போகலாம். 1974 ஜூலையில் லீட்ஸ் யுனைடெட் கிளஃபைக் கூப்பிட்டது. ஆமாம், அவர் திட்டித் தீர்த்த அதே லீட்ஸ்! அப்போதைய லீக் சாம்பியன். மேனேஜர் டான் ரெவி இங்கிலாந்து டீமின் பொறுப்புக்குப் போய்விட்டதால் நாற்காலி காலி.

டெய்லர் வர மறுத்துவிட்டார். பிரைட்டன் சேர்மனுக்குக் கொடுத்த வாக்கு, கடற்கரை ஊர், அங்கேயே இருக்கிறேன் என்றார். கிளஃப் தனியாகக் கிளம்பினார்.

அடுத்த 44 நாட்களை, ஒரு கிளப்பை எப்படி நடத்தக்கூடாது என்பதற்குப் பாடப் புத்தகமாகவே அச்சடிக்கலாம். வீரர்களோடு நடந்த முதல் கூட்டத்தில் கிளஃப் பேசியதை அந்த வீரர்களே பின்னாளில் சொல்லியிருக்கிறார்கள். ‘வாங்கிய மெடல்களைக் குப்பைத் தொட்டியில் போடுங்கள். நீங்கள் எதையும் நேர்மையாக ஜெயிக்கவில்லை!’ எதிரே உட்கார்ந்திருந்தவர்கள் பையன்கள் இல்லை. இன்டர்நேஷனல் ஆட்டக்காரர்கள். ரெவியைத் தகப்பனாக நினைத்தவர்கள். சீசனைத் தொடங்கிவைக்கும் கண்காட்சி ஆட்டத்திலேயே கேப்டன் பில்லி பிரெம்னர் சண்டை போட்டு வெளியேற்றப்பட்டார், நீண்ட தடை. டெர்பியிலிருந்து தன் பழைய ஆட்கள் இருவரை அவசர அவசரமாக வாங்கினார் கிளஃப். உள்ளூர் ரசிகர்கள் ஊளையிட்டார்கள். ஆறு லீக் ஆட்டங்களில் ஒரே ஒரு வெற்றி. வீரர்கள் போர்டிடம் மனம் திறந்து பேச, செப்டம்பர் 12-ம் தேதி சீட்டு கிழிந்தது.

டெய்லர் இருந்திருந்தால்? முதல் நாள் காலையிலேயே, ‘வாயை மூடிக்கொண்டு ஒரு மாசம் வேடிக்கை பார்’ என்று தனியறையில் சொல்லியிருப்பார் என்பது என் ஊகம். கிளஃபைச் சிரிக்க வைத்தே வழிக்குக் கொண்டுவரத் தெரிந்தவர் அவர். சேர்மன் எதிர்த்தால் கிளஃபுக்கு அது யுத்தம். நண்பன் எதிர்த்தால் யோசனை.

கிளஃபுக்கே இது புரியாமல் இல்லை. பீட்டர் இல்லாமல் என்னால் வெற்றிகரமாக கிளப் நடத்த முடியாது. நான் கடையின் ஷோகேஸ், சரக்கு பின்னால் அவரிடம்தான் இருக்கிறது என்று அவரே சொல்லியிருக்கிறார்.

1975 ஜனவரியில் நாட்டிங்ஹாம் ஃபாரஸ்ட் கிளப்பில் சேர்ந்தார். இரண்டாவது டிவிஷனில் 13-வது இடத்தில் இருந்த டீம். சுவாரஸ்யம் என்னவென்றால், அங்கே பணக்கார முதலாளி கிடையாது. உறுப்பினர்கள் கூடித் தேர்ந்தெடுக்கும் கமிட்டிதான் நிர்வாகம். கிளஃபோடு மல்லுக்கட்ட லாங்சன் மாதிரி ஒரு தனி ஆள் இல்லை. ஆனாலும் ஒன்றரை வருஷம் டீம் சுமாராகத்தான் ஓடியது.

1976 ஜூலையில் டெய்லர் வந்து சேர்ந்தார். பிறகு நடந்ததை இன்றைக்கும் நம்ப முடியவில்லை. 1977-ல் முதல் டிவிஷனுக்குப் பிரமோஷன். 1978-ல் லீக் சாம்பியன். 1979-ல் மால்மோவைத் தோற்கடித்து ஐரோப்பியக் கோப்பை. 1980-ல் ஹாம்பர்க்கைத் தோற்கடித்து மறுபடியும் ஐரோப்பியக் கோப்பை! நடுவில் 42 லீக் ஆட்டங்கள் தொடர்ந்து தோல்வியே இல்லை.

கென்னி பர்ன்ஸ் என்ற முரடர், சூதாடி என்று பெயரெடுத்தவர். டெய்லர் மாறுவேஷம் போட்டுக்கொண்டு நாய்ப் பந்தய மைதானத்துக்குப் போய், ஆள் எவ்வளவு தொகை கட்டுகிறார் என்று வேவு பார்த்தார். பெரிய தொகை இல்லை. சரி, வாங்கலாம்! முன்வரிசையில் ஆடிக்கொண்டிருந்தவரைப் பின்வரிசைக்கு மாற்றினார்கள். 1978-ம் ஆண்டின் சிறந்த ஆட்டக்காரர் அவர்தான். தொப்பையும் சிகரெட்டுமாக ஓரத்தில் கிடந்த ஜான் ராபர்ட்சன்தான், 1980 ஃபைனலின் ஒரே கோலை அடித்தவர்.

இருவரும் சேர்ந்துவிட்டால் எல்லாமே நியாயமாக நடந்தது என்று நினைத்துவிடக் கூடாது. 1981-ல் பத்து லட்சம் பவுண்டுக்கு வந்த ஜஸ்டின் ஃபஷானு என்ற கறுப்பின இளைஞர், ஓரினச் சேர்க்கையாளர்கள் கூடும் கிளப்புகளுக்குப் போகிறார் என்று தெரிந்ததும், கிளஃப் அவரைப் படுத்திய பாடு கொஞ்சநஞ்சமல்ல. பயிற்சிக்கு வராதே என்று தடை போட்டார், போலீஸைக் கூப்பிட்டு வெளியேற்றினார். ஃபஷானு வந்து சேர்ந்தபோது டெய்லரும் அங்கேதான் இருந்தார். அவரும் தடுத்ததாகத் தெரியவில்லை.

விரிசல் 1980-லேயே விழுந்துவிட்டது. கிளஃபைப் பற்றி டெய்லர் ஒரு புத்தகம் எழுதினார், கிளஃபிடம் ஒரு வார்த்தை சொல்லாமல்! ஷோகேஸில் இருப்பவருக்கு வரும் பேரும் பணமும் குடோனில் இருப்பவரை உறுத்தாதா, என்ன? 1982-ல் ஓய்வு என்று சொல்லிவிட்டுப் போன டெய்லர், அதே வருஷம் நவம்பரில் டெர்பி மேனேஜராக உட்கார்ந்தார். 1983-ல் ராபர்ட்சனை ஃபாரஸ்டிலிருந்து டெர்பிக்குக் கொண்டுபோனார். கிளஃப் அப்போது தர்ம காரியத்துக்காக ஒரு நடைப்பயணத்தில் இருந்தார். ஒரு போன்கூட இல்லை. அவ்வளவுதான்! இருவரும் அதன் பிறகு பேசிக்கொள்ளவே இல்லை.

டெய்லர் தனியாகச் சோபிக்கவில்லை. 1984-ல் பதவி விலகினார். அந்த சீசனில் டெர்பி மூன்றாவது டிவிஷனுக்கு விழுந்தது. குடோன் நிறைய சரக்கு இருந்து என்ன? விற்க ஆள் வேண்டுமே!

கிளஃப் தாக்குப்பிடித்தார். 1989, 1990 இரண்டு வருஷமும் லீக் கோப்பை. ஆனால் லீக் பட்டமோ ஐரோப்பியக் கோப்பையோ திரும்ப வரவே இல்லை. குடிப் பழக்கம் கூடிக்கொண்டே போனது. 1992 ஆகஸ்டில் முக்கிய கோல் மன்னர் டெடி ஷெரிங்ஹாமை விற்றார். அந்த இடத்துக்குச் சரியான ஆளை வாங்கவில்லை. ‘என்ன காரியம் செய்கிறாய்?’ என்று கேட்கிற உரிமை அந்த கிளப்பில் அப்போது ஒருவருக்கும் இல்லை. சுற்றிலும் இருந்தவர்கள் அவரைக் கடவுளாகப் பார்த்தவர்கள். அந்த சீசனில் 22 டீம்களில் ஃபாரஸ்ட் 22-வது. 1993 மே மாதம், டீமும் கீழே இறங்கியது; பதினெட்டு வருஷ மேனேஜரும் வீட்டுக்குப் போனார்.

டெய்லர் 1990 அக்டோபரிலேயே இறந்திருந்தார், 62 வயதில். இறுதிச் சடங்குக்குக் கிளஃப் போனார். 2004 செப்டம்பர் 20-ல் அவரும் காலமானார்.

டெர்பியையும் நாட்டிங்ஹாமையும் இணைக்கும் நெடுஞ்சாலைக்கு ‘ஏ-52’ என்று பெயர். ராபர்ட்சன் விவகாரம் நடந்த நாட்களில், ‘அந்த ரோட்டில் டெய்லரின் கார் ரிப்பேராகி நின்று, லிஃப்ட் கேட்டுக் கை காட்டினால் ஏற்றிக்கொள்ள மாட்டேன்; அவர் மேலேயே காரை ஏற்றுவேன்’ என்று பத்திரிகையில் சொல்லியிருந்தார் கிளஃப். 2005-ல் அந்த ரோட்டுக்கு அவர் பெயரையே வைத்தார்கள். ‘பிரையன் கிளஃப் வே’. நாட்டிங்ஹாம் ஊருக்குள் 2008-ல் வைத்த சிலையில் கிளஃப் மட்டும் தனியாக நிற்கிறார். டெர்பி ஸ்டேடியத்தின் வாசலில் 2010-ல் வைத்த சிலையில், லீக் கோப்பையோடு இரண்டு பேரும் நிற்கிறார்கள்.